மிரோஸ்லாவ் ஒண்ட்ரிச்செக்: பிராக் நகரத்து ஒளிப்பதிவாளர்

திரைப்படத்தைப் பற்றி எழுதப் புகுவோர் நெறியாளரின் பெயரிலே தொடங்கி அவர் பெயரிலேயே முடித்துவிடுதல் பெருவழக்காக உள்ளது. இவ்வழக்குக்குக் கோட்பாட்டு அடிப்படையும் உண்டு. எழுத்தாளனுக்குப் பேனா எவ்வாறோ அவ்வாறே நெறியாளனுக்குக் கமரா என்னும் கருத்து 1940களின் பிற்பகுதியிற் பிரான்சிலே தோன்றி, நெறியாளரே படத்தின் ஆசிரியர் என்ற கோட்பாடாக 1950களில் வளர்ச்சியுற்றது. உவமை அழகானதே. ஆயினும் பேனாவுக்குச் சொந்த ஊர் இல்லை. திரும்பிச் செல்ல ஒரு வீடும் இல்லை. கமராவைக் கையிலே பிடித்திருந்தவருக்கோ இவையிரண்டும் உண்டு. இவ்வேறுபாடு சாதாரண காலங்களிற் பெரிதாகத் தோன்றாது. நாடொன்றின் கலைஞர் கூட்டம் அரசியற் காரணங்களாற் சிதறடிக்கப்படும்போதுதான் நெறியாளர் யார், ஒளிப்பதிவாளர் யார், ஒருவரிடமிருந்து மற்றவரைப் பிரித்தால் எஞ்சுவது யாது என்னும் வினாக்கள் கூர்மை பெறுகின்றன. செக் ஒளிப்பதிவாளர் மிரோஸ்லாவ் ஒண்ட்ரிச்செக்கின் (1934-2015) தொழில் வாழ்க்கையை இந்நோக்கிலே ஆராய்வது பயனுடையதாகும்.

செக்கோசிலவாக்கியாவின் திரைப்படத்துறை 1945 ஆம் ஆண்டிலே தேசியமயமாக்கப்பட்டது. பிராக் நகரின் புறத்தேயுள்ள பரந்தோவ் படப்பிடிப்பு நிலையம் அதற்கு முன்னரே ஐரோப்பாவின் பெரிய நிலையங்களுள் ஒன்றாக விளங்கியது. அந்நாட்டு ஒளிப்பதிவுக்கும் ஒரு மரபு இருந்தது. 'பரவசம்' (1933) என்னும் படத்தின் மூலம் உலகப் புகழ் பெற்ற யான் ஸ்டாலிக், நாசிகள் காரணமாக நாட்டைவிட்டு வெளியேறி இங்கிலாந்திற் குடியேறிய ஒட்டோ ஹெல்லர் ஆகியோர் அம்மரபின் முன்னோடிகள். இவர்களது கலை நிலையத்தினுள் விளக்குகளால் வனையப்பட்ட கலை. முகத்துக்கு முதன்மை விளக்கொன்று, நிழலைத் தணிக்க நிரப்பு விளக்கொன்று, கூந்தலுக்கு ஒளிவிளிம்பு தருவதற்குப் பின்விளக்கொன்று என்றவாறு ஒழுங்குபடுத்தி, நடிகர் நிற்கவேண்டிய இடத்தைத் தரையிலே கோடிட்டுக் காட்டுவது நிலையத்து முறை. நடிகர் அக்கோட்டைத் தாண்டினால் அழகும் போய்விடும்.

1950களிற் சோசலிச யதார்த்தவாதம் அரசின் கொள்கையாக வலியுறுத்தப்பட்டபோது இவ்வொளியமைப்பு மாற்றம் பெறவில்லை என்பது கவனித்தற்குரியது. முன்னர் நட்சத்திர நடிகையின் முகத்தில் விழுந்த அதே ஒளி இப்போது உழவு இயந்திரத்தை ஓட்டும் முன்மாதிரித் தொழிலாளியின் முகத்தில் விழுந்தது. புதிய கருத்துக்குப் பழைய பூச்சு! 1960களின் இளந்தலைமுறையினர் பொய் எனக் கண்டது கதைகளை மட்டுமன்று. அக்கதைகளின் மேல் விழுந்த ஒளியையுந்தான்.

ஒண்ட்ரிச்செக் பிராக்கிற் பிறந்து, பரந்தோவ் நிலையத்தின் பயிற்சிப் பாடசாலையிலே தொழில் பயின்று, உதவியாளராகப் படிப்படியாக உயர்ந்தவர். நெறியாளர்களுட் பலர் திரைப்படக் கல்லூரியிலே இலக்கியமும் நாடகமும் கற்று வந்தனர். இவரோ தொழிற்கூடத்தின் வழியாக வந்தவர். இது பின்னாளில் அவருக்குப் பேருதவியாயிற்று என்பது என் கருத்து. நிலையத்து ஒளியமைப்பின் இலக்கணத்தை நன்கு அறிந்தவரே அதனை எங்கே, எப்படி மீறலாம் என்பதையும் அறிவர்.

மிலோஷ் போர்மனுடன் அவர் கொண்ட உறவு 'தேர்வு' (1963) என்னும் படத்தோடு தொடங்கிற்று. 16 மில்லிமீற்றர் கமராவைக் கொண்டு ஏறக்குறைய ஒரு விளையாட்டு முயற்சி போலத் தொடங்கிய படம் அது. பிராக்கின் 'செமாபோர்' என்னும் சிறு நாடக அரங்கிற் பாடகியைத் தெரிவுசெய்யும் நிகழ்ச்சிக்கு இளம்பெண்கள் வருகின்றனர். ஒவ்வொருத்தியும் ஒலிவாங்கியின் முன்னே நின்று பாட முயல்கின்றாள். சிலருக்குப் பாட வருகிறது, பலருக்கு வரவில்லை. வராதவர்களுக்குத் தமக்கு வரவில்லை என்பது தெரியாது. கமரா அம்முகங்களின்மீது நெடுநேரம் தங்குகின்றது. நகைப்புக்கிடமான இந்நிலையைப் பார்க்கும்போது நாம் சிரிக்கின்றோம். சிறிது நேரத்திற் சிரித்ததற்காக நாணுகின்றோம். இவ்விரு உணர்ச்சிகளையும் ஒருசேர எழுப்பும் பார்வையே ஒண்ட்ரிச்செக்கின் தனித்துவமாகப் பின்னர் வளர்ந்தது.

அவருடைய ஒளியமைப்பின் தன்மையை விளங்கிக்கொள்வதற்குப் போர்மனின் நெறியாள்கை முறையை அறிதல் வேண்டும். போர்மன் தொழில்முறை நடிகரோடு சாதாரண மக்களையும் கலந்து நடிக்கவைத்தார். அவர்களிடம் எழுத்துப்பிரதி கொடுக்கப்படுவதில்லை. சூழ்நிலை விளக்கப்படும், பேசவேண்டியது வாயாற் சொல்லப்படும். இத்தகையோர் தரையிலுள்ள கோட்டிலே நிற்பர் என எதிர்பார்க்க இயலாது. எப்போது திரும்புவர், எப்போது எழுவர் என்பதும் தெரியாது. ஆதலால் ஒண்ட்ரிச்செக் நடிகருக்கு ஒளியூட்டுவதை விடுத்து அறைக்கு ஒளியூட்டினார். யன்னல் எப்பக்கம் உள்ளதோ அப்பக்கமிருந்து, சிதறிய மென்மையான ஒளி வரும். அறையினுள் எங்கு நின்றாலும் மனிதர் அவ்வொளியின் எல்லைக்குள்ளேயே இருப்பர். நீண்ட குவியத் தூரமுள்ள வில்லையுடன் கமரா சற்றுத் தொலைவிலே நிற்கும். பார்க்கப்படுவோர் தாம் பார்க்கப்படுவதை மறந்துவிடுவர். (வங்காளத்திலே சத்தியஜித் ராயின் 'அபராஜிதோ' படத்துக்காகச் சுப்ரதா மித்ரா துணியிலே பட்டுத் தெறிக்கும் ஒளியைக் கையாண்டமை 1956 ஆம் ஆண்டிலேயே நிகழ்ந்துவிட்டது என்பதையும் இவ்விடத்து நினைத்துக்கொள்ளலாம். உலகின் வெவ்வேறு மூலைகளில் ஒரே தேவை ஒரே விடையைத் தேடியுள்ளது.) சுருங்கக் கூறின், இவ்வொளி ஓர் அழகியற் கொள்கையாகப் பிறந்ததன்று. சாதாரண மக்களைத் திரைக்குக் கொண்டுவரவேண்டும் என்ற முடிவிலிருந்து தொழில்நுட்ப ரீதியாகப் பிறந்தது.

'ஒரு பொன்னிறக் கூந்தலாளின் காதல்கள்' (1965) இவ்விணைப்பின் முதல் முழு வெற்றி. சப்பாத்துத் தொழிற்சாலையுள்ள ஒரு சிற்றூர். பெண்கள் மிகுதி, ஆண்கள் குறைவு. குறையை நீக்க அதிகாரிகள் ஒரு படைப்பிரிவை அவ்வூருக்கு வரவழைக்கின்றனர். புகையிரதத்திலிருந்து இறங்குவோரோ இளைஞரல்லர். வயிறு பருத்த நடுவயது ஒதுக்குப்படையினர். நடனமண்டபக் காட்சி உலகத் திரைப்பட வரலாற்றின் சிறந்த நகைச்சுவைக் காட்சிகளுள் ஒன்று எனத் துணிந்து கூறலாம். ஒரு படைவீரன் திருமண மோதிரத்தை மேசையின் கீழே இரகசியமாகக் கழற்ற முனைகின்றான். அது கைநழுவித் தரையிலே உருண்டோடுகின்றது. அதனைத் தேடிக் கால்களுக்கிடையே தவழ்பவனையும், மேசையிலிருந்து அவனை நோக்கும் பெண்களையும் கமரா அவசரமின்றி மாறிமாறிப் பார்க்கின்றது. சிரிப்பைத் தூண்டும் எவ்வித அழுத்தமும் ஒளியிலோ கோணத்திலோ இல்லை.

இதே படத்திலுள்ள வேறொரு காட்சியை ஒண்ட்ரிச்செக்கின் கலைக்குச் சிறந்த எடுத்துக்காட்டாகக் கொள்ளலாம். பிராக்கிலிருந்து வந்த இளம் பியானோக் கலைஞன் மில்டா, தொழிற்சாலைப் பெண் அந்துலாவுடன் ஓர் அறையில் இருக்கின்றான். அவளுடைய கூச்சத்தைப் போக்க யன்னலின் சுருள்திரையை இழுத்து மூடுகின்றான். திரை நிற்கவில்லை, 'படக்'கென மேலே சுருண்டுவிடுகின்றது. மீண்டும் இழுக்கின்றான், மீண்டும் சுருளுகின்றது. ஒளியை வெளியே நிறுத்த முயலும் ஒருவனும், நிற்க மறுக்கும் ஒளியும்! பெரும்பாலான படங்களிற் காதற்காட்சிக்கு ஒளிப்பதிவாளர் நிழலை வழங்குவர். இங்கே ஒளி பிடிவாதமாக உள்ளே வருகின்றது. எனினும் அது அவ்விருவரையும் அவமானப்படுத்தவில்லை. அவர்களது இளமையையும் விகாரமற்ற வெகுளித்தனத்தையுமே காட்டுகின்றது.

அதே ஆண்டில் இவான் பாசர் நெறிப்படுத்திய 'அந்தரங்க ஒளி' என்னும் படத்தின் ஒளிப்பதிவிலும் ஒண்ட்ரிச்செக் யோசெப் ஸ்திரெஹாவுடன் பங்குகொண்டார். மறுவருடம் யான் நெமெட்ஸின் 'காதலின் தியாகிகள்' படத்தை ஒளிப்பதிவு செய்தார். அதற்கு முன்னரே, நெமெட்ஸின் 'இரவின் வைரங்கள்' (1964) படத்தில், ஒளிப்பதிவாளர் யரோஸ்லாவ் குச்செராவின் கீழே கமராவைக் கையிற் கொண்டு இயக்கியவர் இவரே. நாசிகளின் கைதிகளைக் கொண்டு செல்லும் புகையிரதத்திலிருந்து குதித்த இரு சிறுவர் மூச்சு வாங்க மேட்டிலே ஏறி ஓடும் தொடக்கக்காட்சியைக் கண்டோர், பின்னாளில் அசையாது நின்று பார்ப்பவரெனப் பெயர்பெற்ற ஒருவரின் கைகள் எவ்வளவு வேகமாக ஓடக்கூடியவை என்பதை அறிவர்.

குச்செராவையும் ஒண்ட்ரிச்செக்கையும் ஒப்பிடுதல் இவ்விடத்துப் பொருத்தமாகும். வேரா ஹிட்டிலோவாவின் 'டெய்சிப் பூக்கள்' (1966) படத்திலே குச்செரா வர்ணங்களை மாற்றுகின்றார், பிம்பங்களைச் சிதைக்கின்றார், கமரா தன்னை ஒவ்வொரு கணமும் பிரகடனப்படுத்துகின்றது. ஒண்ட்ரிச்செக்கின் கமரா மறைந்து நிற்கின்றது. பலர் முன்னதைப் புரட்சிகரமானதென்றும் பின்னதை வெறும் பதிவென்றும் கருதுவர். இம்மதிப்பீடு எனக்கு உடன்பாடன்று. மேடைப் பூச்சால் நிறைந்த சூழலில், பூச்சின்றி ஒரு முகத்தைக் காட்டுவதும் புரட்சியே. அதிகாரிகள் இரண்டையும் ஒருங்கே வெறுத்தனர் என்பதும் இதற்குச் சான்று.

'தீயணைப்பாளரின் நடனவிழா' (1967) அவ்வெறுப்பை உச்சத்துக்குக் கொண்டுசென்றது. போர்மனின் முதல் வர்ணப்படமான இது மலையோரச் சிறு நகரான வேர்ஹ்லாபியில், அவ்வூர்த் தீயணைப்புப் படையினரையே பெருமளவு நடிகராகக் கொண்டு எடுக்கப்பட்டது. விழாவில் அதிட்டச் சீட்டிழுப்புக்கென வைத்திருந்த பரிசுப்பொருள்கள் ஒவ்வொன்றாகக் களவு போகின்றன. திருடியவர்கள் வெட்கமின்றித் திருப்பி வைப்பதற்கு வாய்ப்பளிக்குமுகமாக விளக்குகளை அணைப்பதென முடிவாகின்றது. விளக்குகள் அணைகின்றன. மீண்டும் எரியும்போது, திருடிய இறைச்சிப் பண்டத்தைத் திருப்பி வைக்க முயன்ற ஒரேயொரு தீயணைப்பாளர் கையும் களவுமாக நிற்கின்றார். எஞ்சியிருந்த பொருள்களும் இருளிலே மறைந்துவிட்டன. நேர்மையாளன் மட்டுமே வெளிச்சத்தில் அகப்படுகின்றான். இக்காட்சியில் ஒளியை அணைப்பதும் ஏற்றுவதுமே கதை. ஒளிப்பதிவாளரின் கருவி கதையின் கருவாக மாறிவிடுகின்றது.

அன்றிரவே ஒரு முதியவரின் வீடு தீப்பற்றுகின்றது. தீயணைப்பு வண்டி பனியிற் புதைந்துவிட, வீரர்கள் மண்வாரியாற் பனியை அள்ளி நெருப்பின்மேல் எறிகின்றனர். குளிரில் நடுங்கும் முதியவரைக் கதகதப்புக்காக அவர் வீட்டை எரிக்கும் நெருப்பின் அருகே நகர்த்தி அமர்த்துகின்றனர். இரவின் கருமை, பனியின் வெண்மை, நெருப்பின் செம்மஞ்சள் ஆகியன ஓவியம்போல் அமைந்திருக்க வாய்ப்பிருந்தும், ஒண்ட்ரிச்செக் அவ்வழகை நாடவில்லை. தீயின் ஒளி பார்வையாளர் கூட்டத்தின் முகங்களில் விழுகின்றது. அம்முகங்களில் இரக்கமும் வேடிக்கை பார்க்கும் ஆர்வமும் கலந்திருக்கின்றன. அவருக்கு வேண்டியது அதுவே.

தீயணைப்பாளர்கள் தம்மை அவமதித்துவிட்டதாகக் குறைகூறினர். படத்துக்கு முதலிட்டிருந்த இத்தாலியத் தயாரிப்பாளர் கார்லோ பொன்ரியும் அதிருப்தியுற்றுப் பணத்தை மீளக் கோரினார். பிரான்சின் துரூபோ, குளோட் பெரி போன்றோர் உரிமையை வாங்கி உதவியதாற் பிரச்சினை தீர்ந்தது. 1968 மே மாதத்தில் இப்படம் கான் விழாவின் போட்டியில் இருந்தது. பிரான்சின் கிளர்ச்சி காரணமாக விழாவே இடைநிறுத்தப்பட்டது.

இதற்கிடையில் ஒண்ட்ரிச்செக்குக்கு இங்கிலாந்துடன் தொடர்பு ஏற்பட்டிருந்தது. நெறியாளர் லின்ட்சே அண்டர்சன் பிராக்குக்கு வந்தபோது போர்மனின் படப்பிடிப்பில் இவருடைய வேலையைக் கண்டு, தமது 'வெள்ளைப் பேருந்து' (1967) என்னும் குறும்படத்துக்கு அழைத்தார். அதனைத் தொடர்ந்து வந்ததே 'இஃப்' (1968). ஆங்கில விடுதிப் பாடசாலை ஒன்றின் அடக்குமுறையும், மாணவர் சிலரின் ஆயுதக் கிளர்ச்சியும் அதன் பொருள். இப்படத்தில் வர்ணக்காட்சிகளுக்கிடையே கறுப்பு வெள்ளைக் காட்சிகள் திடீரெனத் தோன்றுகின்றன. கனவு எது, நனவு எது என்பதை வேறுபடுத்தவே இவ்வுத்தி எனப் பக்கம் பக்கமாக எழுதியோர் உளர். உண்மை வேறு. பாடசாலையின் வழிபாட்டுக்கூடம் மிகப் பெரியது. உயர்ந்த யன்னல்கள் கொண்டது. அக்காலத்து வர்ணப் பிலிமுக்கு மிகுந்த ஒளி வேண்டும். கையிலிருந்த பணத்துக்குள், நாள் முழுதும் மாறும் வெளியொளிக்கு ஈடாக வர்ணத்தைச் சீராகப் பேணுதல் இயலாதென ஒண்ட்ரிச்செக் கூறினார். அவ்வாறாயின் கறுப்பு வெள்ளையிலே எடுப்போம் என்றார் அண்டர்சன். அதன் விளைவு அவருக்குப் பிடித்துப்போகவே வேறு சில காட்சிகளையும் அவ்வாறே எடுத்தார். திறனாய்வு மாணவர் இந்நிகழ்ச்சியை மறவாதிருத்தல் நன்று. காரணம் சிக்கனமாயினும் விளைவு கலையாகலாம்; ஆனால் விளைவைக் கொண்டு காரணத்தைக் கற்பித்தல் வரலாறாகாது.

'இஃப்' படத்தில் ஒண்ட்ரிச்செக்கின் கீழே கமராவை இயக்கியவர் கிறிஸ் மெங்கஸ் என்னும் ஆங்கில இளைஞர். அறைக்கு ஒளியூட்டி மனிதரைச் சுதந்திரமாக விடும் முறையை மெங்கஸ் அவரிடமே கற்றார். இதனை மெங்கஸே குறிப்பிட்டுள்ளார். அதே ஆண்டுக் கோடையிற் கென் லோச்சின் 'கெஸ்' படத்தை மெங்கஸ் ஒளிப்பதிவு செய்தார். வட இங்கிலாந்தின் சுரங்கத் தொழிலாளர் ஊரொன்றில், வல்லூறு வளர்க்கும் ஏழைச் சிறுவனின் கதை அது. வகுப்பறை யன்னல்களிலிருந்து விழும் அமைதியான ஒளியில், தன் பறவையைப் பற்றி அச்சிறுவன் பேசும் காட்சி நடிப்பெனத் தோன்றுவதில்லை. பிராக்கிலே பிறந்த முறையொன்று யோக்சயரின் வகுப்பறையிலே வேர்கொண்டது. ஒண்ட்ரிச்செக்கின் செல்வாக்கைத் தேடுவோர் அவர் எடுத்த படங்களில் மட்டும் தேடுதல் போதாது.

1968 ஆகஸ்ட் 20 இரவு வார்சோ ஒப்பந்த நாடுகளின் படைகள் செக்கோசிலவாக்கியாவினுள் நுழைந்தன. அப்போது போர்மன் பாரிசில் இருந்தார். 1969 இன் தொடக்கத்திற் போர்மனும் பாசரும் நாட்டைவிட்டு வெளியேறினர். நெமெட்ஸ் படமெடுக்க இயலாது ஒதுக்கப்பட்டுப் பின்னர் 1974 இல் வெளியேறினார். ஹிட்டிலோவா தங்கினார், ஆண்டுகள் பலவாக முழுநீளப் படமெடுக்க விடப்படவில்லை. 'தீயணைப்பாளரின் நடனவிழா' பெட்டகத்தினுள் பூட்டப்பட்டது. 1969 மே மாதக் கான் விழாவில் 'இஃப்' முதற்பரிசு பெற்றது. குச்செரா ஒளிப்பதிவு செய்த 'எம் நல்ல நாட்டவர் யாவரும்' படத்துக்காக வோய்டேக் யாஸ்னி சிறந்த நெறியாளர் பரிசைப் பகிர்ந்துகொண்டார். ஒரே விழாவில் இரு செக் ஒளிப்பதிவாளர்களின் படங்கள் உலகின் உயர்ந்த பரிசுகளைப் பெற்றன; அவ்வேளையில் அவர்தம் நாட்டில் அக்கலைக்கு இடமில்லாதுபோயிற்று.

ஒண்ட்ரிச்செக் வெளியேறவில்லை. பிராக்கிலே வீடும் குடும்பமும் கொண்டு, அதிகாரிகளின் அனுமதியோடு வெளிநாடு சென்று படம்பிடித்துவிட்டுத் திரும்பும் வாழ்க்கை அவருக்கு அமைந்தது. தங்கியோர் யாவரையும் இணங்கிப் போனவரெனவும் சென்றோர் யாவரையும் எதிர்த்து நின்றவரெனவும் வகுப்பது எளிது. அவ்வளவு எளிதாக மனிதர் வாழ்வதில்லை. ஒளிப்பதிவாளருக்கு மொழி தடையன்று, அரசுக்கு அந்நியச் செலாவணி தேவைப்பட்டது, உள்ளூரிலே புதிய அலைப் படங்கள் இனி இல்லை என்னும் மூன்று நிலைமைகளையும் சேர்த்து நோக்கினால் இவ்வாழ்க்கையின் தன்மை ஓரளவு புலனாகும்.

அமெரிக்காவிற் போர்மன் எடுத்த முதற்படமான 'டேக்கிங் ஒஃப்' (1971) ஒண்ட்ரிச்செக்கின் ஒளிப்பதிவில் உருவானது. அதில் இளம்பெண்கள் ஒருவர்பின் ஒருவராகப் பாடும் தேர்வுக்காட்சி வருகின்றது! எட்டாண்டுகளுக்கு முன் செமாபோர் அரங்கிலே கண்ட அதே தயக்கம், அதே ஆசை, நியூயோர்க்கின் முகங்களிலே மீண்டும் தெரிகின்றது. நாடு மாறிவிட்டது, பார்வை மாறவில்லை.

ஜோர்ஜ் ரோய் ஹில்லின் 'ஸ்லோட்டர்ஹவுஸ் பைவ்' (1972) வேறொரு வகையில் முக்கியமானது. 1945 பெப்ரவரியில் நேசநாட்டு விமானக் குண்டுவீச்சால் அழிந்த டிரெஸ்டன் நகரை, அழிவுக்கு முந்திய கோலத்திலே காட்டவேண்டியிருந்தது. டிரெஸ்டன் இல்லை, ஆதலாற் போரில் அதிகம் சேதமுறாத பிராக் அதன் வேடத்தைப் பூண்டது. அமெரிக்கப் போர்க்கைதிகள் வரிசையாக நகரத் தெருக்களினூடே நடத்திச் செல்லப்படுகின்றனர். கிளென் கூல்ட் அமைத்த பாக்கின் இசை ஒலிக்க, கூரைகளும் சிலைகளும் கோபுரங்களும் கைதி பில்லி பில்கிரிமின் வியந்த கண்களுக்குத் தோன்றுகின்றன. நாளை இவை இரா என்பது நமக்குத் தெரியும், அவனுக்கும் தெரியும். இக்காட்சிகளை எடுத்தவர் அந்நகரத்தவர் என்பதும், மூன்றாண்டுகளுக்கு முன் அதே தெருக்களில் அந்நியப் படைகளின் தாங்கிகள் நின்றன என்பதும் தெரிந்து பார்க்கும்போது அவற்றின் கனம் வேறாகின்றது. தன் நகரின் முகத்தை அவர் மீண்டும் பதிவுசெய்ய முடிந்தது; ஆனால் வேறொரு பெயரிலே.

1970களில் அவர் அண்டர்சனின் 'ஓ லக்கி மான்' (1973) படத்தையும், நாட்டினுள்ளே யிர்ஜி கிரெய்ச்சிக்கின் 'தெய்வீக எமா' (1979) முதலானவற்றையும் எடுத்தார். போர்மனுக்குப் பெரும்புகழ் ஈட்டிக்கொடுத்த 1975 ஆம் ஆண்டுப் படத்தில் இவர் இல்லை. 'ஹெயர்' (1979) படத்திலே மீண்டும் இணைந்தனர். அதன் இறுதியில், வியட்னாமுக்குச் செல்லும் படைவீரர் பாடியவாறே அணியணியாக விமானத்தின் வயிற்றினுள் நடக்கின்றனர். விமானத்தின் உட்புறம் வெறும் கருமை. ஒளியிலிருந்து வரும் மனிதர் அக்கருமையினுள் கரைந்துபோகின்றனர். அறை முழுதும் ஒளி பரப்பிய கலைஞர், ஒளி முற்றாக இல்லாத இடத்தை ஒருமுறை பயன்படுத்தினார். அதன் விளைவு அச்சந்தருவது. 'ராக்டைம்' (1981) அவருக்கு முதலாவது ஒஸ்கார் நியமனத்தைப் பெற்றுக்கொடுத்தது.

'அமடேயஸ்' (1984) படத்துக்காகப் போர்மன் பிராக்குக்குத் திரும்பினார். நாட்டைவிட்டுச் சென்றவர் விருந்தினராகவும், தங்கியவர் வீட்டுக்காரராகவும் சந்தித்த படப்பிடிப்பு அது. பதினெட்டாம் நூற்றாண்டு வியன்னாவாக இம்முறை பிராக் வேடமிட்டது. மொசாட்டின் 'தொன் ஜியோவன்னி' 1787 இல் முதன்முதல் அரங்கேறிய அதே நாடக அரங்கில், அப்போது டில் அரங்கு எனப்பட்ட அம்மண்டபத்தில், மரத்தாலான உட்புறத்தில் எண்ணற்ற மெழுகுதிரிகளை ஏற்றிப் படம்பிடித்தனர். 1983 யூலை 4 அன்று படப்பிடிப்பினிடையே அமெரிக்கக் கொடி விரிக்கப்பட்டு அந்நாட்டுக் கீதம் இசைக்கப்பட்டதாகவும், மண்டபமே எழுந்து நிற்க, எழாது திகைத்திருந்த சிலரைக் கொண்டு இரகசியப் பொலிசார் யாவர் என்பது தெளிவாகிவிட்டதாகவும் போர்மன் பின்னாளில் நினைவுகூர்ந்துள்ளார். விளக்கை ஏற்றியதும் அகப்பட்டுக்கொண்ட அந்தத் தீயணைப்பாளரை இச்செய்தி நினைவூட்டாமலிராது.

இப்படத்தின் ஒளியைப் பலரும் மெழுகுதிரியின் பொன்னொளி என்றே புகழ்வர். எனக்கு அதனினும் சிறந்ததாகத் தோன்றுவது முதிய சாலியேரி மனநோயாளர் இல்லத்தில் இருக்கும் அறையின் சாம்பல் நிற யன்னலொளி. அரங்கின் பொன்னொளி மொசாட்டுக்குரியது, இவ்யன்னலொளி சாலியேரிக்குரியது. மேதைமையைக் கேட்டறியும் செவியைப் பெற்றும் அதனைப் படைக்கும் ஆற்றலைப் பெறாத ஒருவனின் முகத்தைக் கமரா நெடுநேரம் நோக்குகின்றது. அது 'தேர்வு' படத்திலே பாடவராத பெண்ணை நோக்கிய அதே பார்வையன்றி வேறில்லை. மொசாட் மரணப்படுக்கையில் இரங்கற்பாவின் இசையைச் சொல்லச் சொல்ல, சாலியேரி மூச்சிரைக்க எழுதும் காட்சியில் இரு முகங்களும் குறைந்த ஒளியும் மட்டுமே உள்ளன. அதற்கு மேல் எதுவும் வேண்டியிருக்கவில்லை.

'அமடேயஸ்' 11 ஒஸ்கார் நியமனங்களைப் பெற்று எட்டை வென்றது. சிறந்த நடிகருக்கு அதிலிருந்தே இருவர் நியமிக்கப்பட்டமையால் ஒன்றை இழப்பது தவிர்க்க இயலாதது. ஏனைய இரண்டு இழப்புகள் படத்தொகுப்பும் ஒளிப்பதிவும். 1985 மார்ச் மாதத்து அவ்விழாவில் ஒளிப்பதிவுக்கான பரிசைப் பெற்றவர், கம்போடியப் பேரழிவைச் சித்திரித்த 'த கில்லிங் பீல்ட்ஸ்' படத்தின் ஒளிப்பதிவாளர் கிறிஸ் மெங்கஸ். 'இஃப்' படத்திலே கமராவை இயக்கிய அதே உதவியாளர்! மறுவருடம் பிரித்தானியத் திரைப்படக் கழகம் 'அமடேயஸ்' படத்துக்காக ஒண்ட்ரிச்செக்குக்கு ஒளிப்பதிவுப் பரிசை வழங்கியது.

அவருடைய பிற்கால அமெரிக்கப் படங்கள் யாவும் இத்தரத்தன என்று கூறின் அது மிகையாகும். மைக் நிக்கல்ஸின் 'சில்க்வுட்' (1983), பெனி மார்ஷலின் 'அவேக்கனிங்ஸ்' (1990) ஆகியவற்றில், தொழிற்சாலை உணவுக்கூடமும் மருத்துவமனை நடைகூடமும் அவருக்கு நன்கு பழக்கமான இடங்கள். அங்குள்ள முகங்களும் அவ்வாறே. வேறு சில வர்த்தகப் படங்களிலோ தேர்ந்த தொழிலாளியின் திருத்தமான வேலையைக் காண்கின்றோம். எதிர்பாராத அசைவுக்காகக் காத்திருக்கும் கண்ணைக் காண்பதில்லை. அப்படங்களின் நட்சத்திரங்கள் கோட்டைத் தாண்டுவோர் அல்லர். தாண்டக்கூடிய மனிதர் முன்னே இல்லாதபோது, அவர்களுக்கென உருவான ஒளியும் தன் காரணத்தை இழந்துவிடுகின்றது. ஒளிப்பதிவாளர் வெறும் பேனாவல்லர் என இக்கட்டுரையின் தொடக்கத்திற் கூறினேன். அவர் தனித்தியங்கும் ஆசிரியருமல்லர் என்பதையும் இப்படங்கள் காட்டுகின்றன.

போர்மனும் அவரும் இணைந்த இறுதிப் படமான 'வால்மொன்ட்' பிரான்சிலே படமாக்கப்பட்டு 1989 நவம்பரிலே அமெரிக்காவில் வெளியிடப்பட்டது. அதே மாதத்தில் பிராக் நகரின் மாணவர் ஊர்வலத்தோடு தொடங்கிய கிளர்ச்சி அந்நாட்டின் ஆட்சியைக் கவிழ்த்தது. பெட்டகத்தினுள் இருந்த படங்கள் வெளியே வந்தன. பிராக் இனித் தன் பெயரிலேயே திரையில் தோன்றலாம் என்ற நிலை ஏற்பட்டது. ஆனால் அவ்விருவரும் சேர்ந்து அந்நகரை அதன் பெயரில் மீண்டும் படம்பிடிக்கவில்லை. ஒண்ட்ரிச்செக்கின் இறுதிப் படம் 2001 ஆம் ஆண்டிலே அமெரிக்காவில் வெளிவந்தது. பீசெக் நகரிலுள்ள திரைப்படக் கல்விக்கழகம் அவர் பெயரைத் தாங்கி நிற்கின்றது. மகன் டாவிட் ஒண்ட்ரிச்செக் செக் மொழிப் பட நெறியாளரானார். 2015 மார்ச் 28 அன்று ஒண்ட்ரிச்செக் காலமானபோது அவருக்கு வயது 80. போர்மன் அவருக்குப் பின் மூன்றாண்டுகள் வாழ்ந்து, 2018 ஏப்ரலிலே அமெரிக்காவிற் காலமானார்.